பதினேழாம் பக்கத்துப் பதில்

போன கிழமை பழைய கந்தோரிலிருந்து ஒரு பிள்ளை தொலைபேசி எடுத்தாள். நான் ஓய்வு பெற்ற பிறகு வேலைக்குச் சேர்ந்தவள், முகம் தெரியாது. இனி விசாரணைகளை எழுதத் தேவையில்லை, மேசைமேல் ஒரு கருவியை வைத்து ஒலிப்பதிவு செய்தால் போதும் என்று சுற்றறிக்கை வந்திருக்கிறதாம்.

“மிஸ், சாட்சி வாயால சொல்லாமத் தலையாட்டினா அது பதிவில விழாதே. என்ன செய்யிற?” என்று கேட்டாள்.

“வாயால சொல்லச் சொல்லுங்க பிள்ள.”

“கேள்வியே கேக்காத ஆளெண்டா? காது கேளாதவரெண்டா?”

பிறகு எடுக்கிறேன் என்று வைத்துவிட்டேன். அவளுக்குச் சொல்ல வேண்டிய பதில் தொலைபேசியில் முடிகிற பதில் இல்லை. எனக்கு இப்போது நேரத்துக்குக் குறைவுமில்லை. சாய்ந்தமருதில் இரண்டு அறை வீடு, நான் ஒருத்தி. என் கணவரும் உம்மாவும் சுனாமிக் கடல் வந்த வருடத்தில் போனவர்கள். அடுத்த வீட்டில் இருந்த தங்கை, மகளோடு கொழும்புக்குப் போய்விட்டாள். சில நாட்களில் பகல் முழுக்க நான் வாயைத் திறப்பது மீன்காரர் வரும்போது மட்டும்தான்.

நான் சுருக்கெழுத்தாளராக இருந்தவள். தட்டச்சும் சுருக்கெழுத்தும் மட்டக்களப்பில் படித்தேன், சோதனை எழுதினேன், முதல் நியமனம் அம்பாறையில். மூன்று வருடங்களுக்குப் பிறகு கல்முனையில், நுகர்வோர் முறைப்பாடுகளை விசாரிக்கும் கந்தோருக்கு மாற்றம் கிடைத்தது. அங்கேயே இருபத்தெட்டு வருடங்கள். பழுதான பொருளை வாங்கி ஏமாந்தவர் ஒரு பக்கம் இருப்பார், விற்றவர் மறுபக்கம் இருப்பார், நடுவில் விசாரணை அதிகாரி. ஓரத்துச் சின்ன மேசை என்னுடையது. அந்த அறையில் எல்லோரும் கதைப்பார்கள். கதைக்கக் கூடாதவள் நான் ஒருத்திதான்.

அந்த இருபத்தெட்டு வருடங்களில் பத்தொன்பது வருடங்கள் விசாரணை அதிகாரியாக இருந்தவர் தவராசா சேர். தம்பிலுவிலிலிருந்து பஸ்ஸில் வருவார். கதிரையில் இருந்ததும் கைக்கடிகாரத்தைக் கழற்றிச் சாட்சிக்குத் தெரியும்படி மேசையில் வைப்பார். “நேரம் இரிக்கி, ஆறுதலாச் சொல்லுங்க” என்பார். பெரிய கடை முதலாளி என்றாலும் கூலிக்காரர் என்றாலும் அதே கதிரை, அதே ‘நீங்க’. ஒருவர் சொன்னது முடிந்ததும் நான் எழுதியதை உரக்க வாசிக்க வேண்டும். சொன்னவர் ‘ஓம், இப்பிடித்தான் சொன்னன்’ என்று ஒவ்வொரு பக்கத்திலும் கையெழுத்து வைத்த பிறகுதான் அடுத்தவர் வாய் திறக்கலாம். பசித்தாலும் சரி, பஸ் போனாலும் சரி, அந்த வாசிப்பை அவர் விட்டதில்லை.

நான் சேர்ந்த புதிதில், ஆலையடிவேம்புப் பெண்ணொருவர் தண்ணீர் இறைக்கும் மோட்டர் பற்றி முறைப்பாடு கொடுத்திருந்தார். “உத்தரவாத அட்டை குடுத்தீங்களா?” என்று சேர் கடைக்காரரைக் கேட்டார். கடைக்காரர் தலையாட்டினார். நான் ‘ஆம்’ என்று எழுதினேன். திரும்ப வாசித்தபோது சேர் கையை உயர்த்தினார்.

“அவர் ஓமெண்டு சொன்னாரா பிள்ள?”

“தலையாட்டினார் சேர்.”

“எதுக்கு ஆட்டினார்? ஓமெண்டதுக்கா, கேள்வி விளங்கினதுக்கா?”

கடைக்காரரிடம் மறுபடி கேட்டார். அந்த மனிதர் சிரித்துக்கொண்டே சொன்னார்: “கேள்வி விளங்கிச்செண்டுதான் ஐயா ஆட்டினன். அட்டை ஒண்டும் குடுக்கல்ல.”

அன்றிலிருந்து ஒரு தலையாட்டலையும் நான் சொல்லாக எழுதியதில்லை. ஒரு நாள் அதைவிடப் பெரிய பிழையை எழுதினேன். அது தவராசா சேர் ஓய்வு பெறும் வருடத்தில் நடந்தது.

முறைப்பாட்டாளர் பெயர் மீராலெவ்வை. அரிசி ஆலையொன்றில் முப்பது வருடங்களுக்கு மேல் இயந்திரம் திருத்தியவர். ஆலைச் சத்தம் அவருடைய காதின் கேட்கும் சக்தியைத் தின்றுவிட்டது. வெளிநாட்டில் இருக்கும் மகள் காசு அனுப்ப, நகரத்துக் கடையொன்றில் காதுக்குள் வைக்கும் கருவி வாங்கினார்கள். ‘காது மெசின்’ என்றுதான் முறைப்பாட்டிலும் இருந்தது. இரண்டு கிழமை ஆகுமுன்னே அது நின்றுவிட்டது. விற்ற கம்பெனி மாற்றித்தர மறுத்தது. உள்ளே ஈரம் பட்டுத் துரு ஏறியிருக்கிறது, பழுது பாவித்தவருடையது என்று தங்கள் தொழில்நுட்பவியலாளரின் அறிக்கையைக் காட்டியது.

விசாரணைக்கு அவர் மனைவி ஆசியா உம்மாவோடு வந்தார். கம்பெனிப் பக்கம் முகாமையாளரும் ஒரு சட்டத்தரணியும் இருந்தார்கள். சேர் கடிகாரத்தைக் கழற்றி வைத்தார்.

“உங்கட பேரைச் சொல்லுங்க.”

மீராலெவ்வை சேரின் வாயைப் பார்த்தார். பிறகு மனைவியைப் பார்த்தார். சேர் குரலை உயர்த்திக் கேட்டார். பிறகு இன்னும் உயர்த்தினார். சட்டத்தரணியும் எழுந்து கிட்ட வந்து கத்தினார். வெளியே வரிசையில் நின்றவர்கள் யன்னலடியில் கூடிவிட்டார்கள். ஒருவர் சிரித்தார். மீராலெவ்வைக்கு அந்தச் சிரிப்புக் கேட்டிருக்காது. ஆனால் சிரித்த முகம் தெரிந்தது. தலையைக் குனிந்துகொண்டார். கால்மணி நேரம் அப்படியே போனது.

ஆசியா உம்மாதான் எழுந்தார். “ஏன் சேர் அவரைப் போட்டு இப்பிடிப் பேயாட்டுறீங்க? எனக்கிட்டக் கேளுங்களன். அவர்ர கதையெல்லாம் நான்தானே கதைக்கிற.”

தவராசா சேர் பேனையைக் கீழே வைத்தார். நான் பார்த்த பத்தொன்பது வருடங்களில் அவர் சாட்சி முன்னால் பேனையை வைத்தது அன்றுதான். “சரி, நீங்க சொல்லுங்க அம்மா” என்றார்.

சட்டத்தரணியும் அப்போது ஆட்சேபிக்கவில்லை. முதல் இரண்டு மூன்று கேள்விகளை ஆசியா உம்மா கணவரின் கையைத் தட்டி, வாயசைத்துச் சொல்லி, அவர் முகத்தைப் பார்த்துத்தான் பதில் சொன்னார். போகப் போக அதை விட்டுவிட்டார். கேள்வி வந்தவுடன் பதிலும் வந்தது. மனைவியைச் சாட்சியாகச் சத்தியம் செய்விக்கவில்லை. மொழிபெயர்ப்பாளராகவும் சத்தியம் செய்விக்கவில்லை. பதிவில் நான் என்ன எழுதுவது? ‘மனைவி சொன்னார்’ என்று எழுதியிருக்க வேண்டும். சேரைப் பார்த்தேன். அவர் யன்னல் பக்கம் பார்த்துக்கொண்டிருந்தார். நான் ‘முறைப்பாட்டாளர்’ என்று எழுதினேன்.

பதினேழாம் பக்கத்தில் சட்டத்தரணி கேட்டார்: “இந்தக் கருவியில் எப்போதாவது தண்ணீர் பட்டதா?”

“அல்லாஹ்வுக்காக இல்ல. ஒரு சொட்டுத் தண்ணி படல்ல” என்றார் ஆசியா உம்மா.

நான் எழுதினேன்: முறைப்பாட்டாளர் - தண்ணீர் படவில்லை.

மீராலெவ்வை அப்போது தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். அன்று திரும்ப வாசிக்கவுமில்லை. கேளாதவருக்கு எதை வாசிப்பது? அவர் பக்கம் பக்கமாகக் கையெழுத்து வைத்தார். அழகான, எழுத்தெழுத்தான கையெழுத்து. அதைப் பார்த்தபோதாவது எனக்கு மூளை வேலை செய்திருக்க வேண்டும். இவர் வாசிப்பாரா என்று அந்த அறையில் ஒருவரும் கேட்கவில்லை.

கருவியை மாற்றிக் கொடுக்க வேண்டும் என்று கட்டளை போனது. தவராசா சேர் ஓய்வு பெற்றார். கட்டளையை இரத்துச் செய்யச் சொல்லிக் கம்பெனி மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் எழுத்தாணை மனுப் போட்டது. விசாரணை நடத்திய முறை பிழை, முறைப்பாட்டாளரைத் தங்களால் கேள்வி கேட்க முடியவே இல்லை, பதிவில் இருப்பவை அவருடைய சொற்கள் அல்ல என்றது மனு. பதிவேட்டை நீதிமன்றம் கேட்டது. பதினேழாம் பக்கப் பதில் யாருடையது என்று எழுதியவர் சத்தியக்கடதாசி தர வேண்டும் என்றும் வந்தது.

கொழும்புத் தலைமைக் கந்தோரிலிருந்து ஒருவர் தொலைபேசியில் கதைத்தார். மரியாதையாகத்தான் கதைத்தார்.

“மிஸ், மனைவி சொல்லச் சொல்ல அவர் தலையாட்டினார்தானே? அப்படி ஒரு வசனம் போட்டால் போதும். ஏழை மனுசன். கட்டளை நிலைக்கும்.”

“அவர் தலையாட்டினத நான் காணல்ல சேர்.”

“ஆட்டவில்லை என்று நிச்சயமாகத் தெரியுமா?”

அந்தக் கேள்வி என்னை இரண்டு நாள் உறங்கவிடவில்லை. நிச்சயமாகத் தெரியாது. நான் குனிந்து எழுதிக்கொண்டிருந்தேன். ஒருவேளை ஆட்டியிருக்கலாம். ஒரு வசனம்தான். யாருக்கும் கெடுதல் இல்லாத வசனம். கலந்து கதைக்க வீட்டில் ஆளில்லை. கடைசியில் தவராசா சேருக்கு எடுத்தேன்.

முழுவதையும் கேட்டார்.  

“நீங்க கண்டத எழுதுங்க பிள்ள. எனக்காகப் பாக்க வேணாம்” என்றார்.

கண்டதை எழுதினேன். பதில் மனைவி சொன்னது. முறைப்பாட்டாளர் வாய் திறக்கவில்லை. அவர் தலையாட்டியதை நான் காணவில்லை. மனைவியின் சொல்லை அவர் பெயரில் எழுதியது நான்.

கட்டளை இரத்தானது. புதிதாக விசாரிக்க வேண்டும், முறைப்பாட்டாளருக்கு விளங்கும் வழியில் கேட்டு அவர் வாயாலேயே சாட்சியம் எடுக்க வேண்டும் என்று நீதிமன்றம் சொன்னது. எனக்கு முதலில் கோபம்தான் வந்தது. அந்த மனிதர் தலைகுனிந்து இருந்ததைக் காணாதவர்கள் கொழும்பிலிருந்து எழுதிவிட்டார்கள் என்று நினைத்தேன். பிறகு தீர்ப்பை ஆறுதலாக வாசித்தேன். நீதிமன்றம் கேட்டது ஒன்றுதான்: இத்தனை பக்கங்களில் மீராலெவ்வை எங்கே? கையெழுத்தைத் தவிர அவர் எங்கும் இல்லை.

விசாரணை அதிகாரி நடைமுறை தவறினார் என்றும் தீர்ப்பில் இருந்தது. கந்தோரில் என்னோடு கதைப்பது குறைந்தது. “ஒரு வரியால சேர்ர பேரைக் கெடுத்துப்போட்டா” என்று நான் தேத்தண்ணி ஊற்றும்போது எனக்குக் கேட்கும்படியே சொன்னார்கள். தவராசா சேர் வருடா வருடம் பெருநாளுக்கு வாழ்த்துச் சொல்ல எடுப்பவர். அந்த வருடம் எடுக்கவில்லை. நானும் தைப்பொங்கலுக்கு எடுக்கவில்லை. அதற்குப் பிறகு நாங்கள் கதைத்ததே இல்லை.

ஆசியா உம்மா நேரே என் மேசைக்கு வந்தார்.

“தங்கச்சி, நான் என்ன பொய்யா சென்னன்? அவருக்குப் பதிலா நான் கதைக்காம ஆர் கதைக்கிற? இத்தனை வருசமா நான்தானே கதைக்கன். நீங்களும் ஒரு பொம்புள, எழுதக்கொள்ள ஒரு வார்த்தை செல்லியிருந்தா நான் வாய மூடியிருப்பனே. இப்ப கோட்டில என்னைப் பொய்க்காரியாக்கிட்டீங்க.”

“பொய்யெண்டு நான் எழுதல்ல ராத்தா” என்றேன்.

“எழுதாட்டியும் அப்பிடித்தானே ஊர் கதைக்கிது.”

முந்தானையை இழுத்துப் போர்த்திக்கொண்டு போய்விட்டார். நான் பின்னால் போகவில்லை. அதுதான் அவரைக் கடைசியாகப் பார்த்தது.

எட்டு மாதம் கழித்துப் புது விசாரணைக்கு அழைப்புக் கடிதம் அனுப்பினோம். ஒரு தாளில் பதில் வந்தது: ‘என் மனைவி ஆசியா உம்மா மவுத்தாகிவிட்டா. நான் தனிய வருவேன். மீராலெவ்வை.’ அதே எழுத்தெழுத்தான கை. ஆசியா உம்மா இறந்தது எனக்கு அந்தத் தாளில்தான் தெரிந்தது; அழைப்பை அவரே வாசித்து எழுதியிருக்கிறார் என்பதும். அந்தத் தாளோடு புதிய விசாரணை அதிகாரியிடம் போனேன். அவர் அம்பாறையிலிருந்து வந்திருந்த இளம் ஆள்.

“சேர், இவருக்கு வாசிக்கத் தெரியும். கேள்வியை எழுதிக் காட்டலாம்.”

“யார் எழுதுற?”

“நான் எழுதுறன்.”

கம்பெனிச் சட்டத்தரணியும் சம்மதித்தார். ஒவ்வொரு கேள்வியையும் நான் வெள்ளைத்தாளில் கறுத்த மைப்பேனையால் பெரிதாக எழுதுவேன். இரண்டு பக்கத்தாரும் அதிகாரியும் பார்ப்பார்கள். பிறகு அவருக்குக் கொடுப்பேன். அவர் வாயால் பதில் சொல்வார். சொன்னதைச் சொன்னபடி இன்னொரு உத்தியோகத்தர் பதிவார். என் சேவைக்காலத்தில் சாட்சியின் பக்கத்தில் நான் இருந்தது அன்று மட்டும்தான்.

மீராலெவ்வை வெள்ளைச் சட்டை போட்டு வந்திருந்தார். இஸ்திரி போடாத சட்டை. முதல் தாளில் பெயர் கேட்டிருந்தது. வாசித்தார். அவருக்கு முகம் மாறியது. “ஓ, இப்பிடிக் கேப்பீங்களா?” என்றார். அவருடைய குரல் ஆலைக்குள் கதைத்துப் பழகிய குரல். யன்னல் கண்ணாடி அதிர்ந்தது. அன்று ஒருவரும் சிரிக்கவில்லை.

பதினைந்து இருபது கேள்விகளுக்குப் பிறகு அந்தக் கேள்வி வந்தது. ஒவ்வொரு எழுத்தாக எழுதினேன். ‘இந்தக் கருவியில் எப்போதாவது தண்ணீர் பட்டதா?’

வாசித்தார். தாளை மேசையில் நேராக வைத்து ஓரத்தைத் தடவினார்.

“ஓம். பட்டது.”

சட்டத்தரணி நிமிர்ந்தார். அதிகாரி, மேலே சொல்லும்படி கையைக் காட்டினார்.

“வாங்கிப் பதினோராம் நாள். லுஹர் தொழுகைக்கு வுழூ எடுக்க, கைகால் முகம் கழுவப் பள்ளிக்குப் போனன். தொட்டியில தண்ணிய அள்ளினன். சத்தம் கேட்டிச்சி. தண்ணிர சத்தம். எத்தின வருசத்துக்குப் பொறகு! திரும்பத் திரும்ப அள்ளினன். காதில மெசின் இரிக்கிறதே மறந்து போச்சி. காதத் தடவக்கொள்ளதான் கையில பட்டிச்சி. அப்ப அது நிண்டுட்டு.”

தாளை இன்னொரு முறை நேராக்கினார். 

“அவவுக்கிட்டச் செல்லல்ல. அந்தப் பதினொரு நாளும் அவ வாய் மூடல்ல. இத்தின வருசம் செல்லாத கதையெல்லாம் செல்லிக்கிட்டே இருந்தா. எப்பிடிச் செல்லுற? கேக்கிற மாதிரியே மூணு நாள் இருந்தன். அவ சிரிச்சா நானும் சிரிப்பன். பொறகு முதுகுப் பக்கமா நிண்டு கூப்பிட்டிரிக்கா, நான் திரும்பல்ல. மெசின் தானாப் பழுதாப் போச்செண்டு அவ நினைச்சா. நான் ஓமெண்டுட்டன்.”

பிறகு அதிகாரியைப் பார்க்காமல் என்னைப் பார்த்துச் சொன்னார்:

“அவ இந்தக் கந்தோரில சென்னது பொய்யில்ல. அவவுக்குத் தெரியாது. நான்தான் செல்லல்ல. மெசினுக்காக நான் வரல்ல. இதச் செல்லத்தான் வந்தன். இத எழுதுங்க.”

எழுதினார்கள். கடையில் கொடுத்த அறிவுறுத்தல் பற்றி அதிகாரி கேட்கச் சொன்னார். தாளில் எழுதிக் கொடுத்தேன்.

“ஒண்டும் செல்லல்ல. செல்லியிருந்தாலும் எனக்குக் கேட்டிரிக்காதே. ஒரு சின்னப் புத்தகம் தந்தாங்க. இங்கிலீசில இரிந்திச்சி.”

முகாமையாளர் தலையைச் சொறிந்தார். தமிழில் அப்படி ஒரு தாளும் இல்லை என்று அவரே ஒப்புக்கொண்டார். சட்டத்தரணி அவரோடு குசுகுசுத்துவிட்டு எழுந்து, கம்பெனி தன் விருப்பத்தில் ஒரு புதிய கருவி கொடுக்கத் தயார் என்றார். அதையும் நான் எழுதினேன். மீராலெவ்வை வாசித்துத் தாளை நாலாக மடித்தார்.

“வேணாம். இனி என்னத்துக்கு?”

பழுது தயாரிப்பில் இருந்ததாக நிரூபிக்கப்படவில்லை என்று முறைப்பாடு தள்ளுபடியானது. பொருளோடு தமிழிலும் அறிவுறுத்தல் கொடுக்க வேண்டும் என்று கம்பெனிக்குக் கட்டளை போனது. அவை பிறகு நடந்தவை. அன்று, சாட்சியத்தைத் தட்டச்சு செய்து அவர் கையில் கொடுத்தோம். ஒன்பது பக்கம். விரலை வரிமேல் வைத்து எல்லாவற்றையும் வாசித்தார். ஏழாம் பக்கத்தில் விரல் நின்றது.

“இதில ‘மனைவி’ எண்டு கிடக்கு. அவட பேரப் போடுங்க. பேரில்லாட்டி ஆரெண்டு தெரியாமப் போயிரும்.”

அதிகாரி தலையசைத்தார். நான் பேனையால் வெட்டி மேலே எழுதினேன்: ஆசியா உம்மா. பக்கத்தில் அவர் சிறு கையெழுத்து வைத்தார்.

பஸ் தரிப்பிடம் வரைக்கும் அவரோடு நடந்தேன். ஏன் போகிறேன் என்று அவரும் கேட்கவில்லை. தரிப்பிடத்து மர வாங்கில் இருந்தோம். சந்தைப் பக்கம் ஒரே இரைச்சல். எட்டு மாதத்துக்கு மேலாக நான் சொல்லாமல் வைத்திருந்தது ஒன்று இருந்தது.

“மன்னிச்சிருங்க காக்கா” என்றேன், அண்ணனிடம் சொல்வதுபோல.

அவர் பஸ் வரும் திசையையே பார்த்துக்கொண்டிருந்தார். தாளும் மைப்பேனையும் என் பையில்தான் இருந்தன. எடுத்து எழுதியிருக்கலாம். எழுதவில்லை. அவருடைய மன்னிப்பை வாங்கி நான் என்ன செய்வது? மன்னிக்க வேண்டியவர் மண்ணுக்குள் இருந்தார்.

பஸ் வந்தது. மீராலெவ்வை மிதிபலகையில் கால் வைத்துவிட்டுத் திரும்பினார்.

“தங்கச்சி, உங்கட எழுத்து நல்ல வடிவு. கண்ணாடி இல்லாமலே வாசிச்சன்.”

ஆலைக்குள் சொல்வதுபோலச் சொன்னார். பஸ்ஸில் இருந்தவர்கள் எல்லோரும் என்னைத் திரும்பிப் பார்த்தார்கள். நான் கையைக் காட்டினேன். பஸ் போய், அடுத்ததும் வந்து போனது. அது என் வீட்டுப் பக்கம் போகிற பஸ்தான். கதைக்க ஆளில்லாத வீட்டுக்கு என்ன அவசரம்? நான் ஏறவில்லை.